அர்த்தநாரியைச் சாட்சிக் கூண்டில் ஏற்றாதீர்

(நீண்ட பதிவு. சிற்பம், இலக்கணம், பால்புதுமை ஆய்வு ஆகியவற்றில் ஈடுபாடுள்ள ஆய்வு மாணவர்களை முன்னிறுத்தி எழுதியது. பொறுமையுள்ளோர் வாசிக்கலாம்.)

பண்டைய சிற்பங்களில் உள்ள மனித உடலைப் பால்புதுமை நோக்கில், அதாவது குயர் நோக்கில், வாசிக்கலாமா என்னும் வினா எழும்போதெல்லாம் நம் கருத்தரங்குகளில் இரண்டு விடைகள் ஆயத்தமாக நிற்கின்றன. முதல் விடை: இது மேலைநாட்டுக் கோட்பாடு, நம் கல்லின்மீது அயலார் கண்ணாடியை மாட்டும் வேலை. இரண்டாம் விடை: நம் மரபு தொன்றுதொட்டே இவற்றையெல்லாம் ஏற்றுக்கொண்ட மரபு, அர்த்தநாரியைப் பாருங்கள், கஜுராஹோவைப் பாருங்கள், சிக்கல் முழுவதும் ஆங்கிலேயர் வந்தபின் தொடங்கியது.

முதல் சாரார் கதவைச் சாத்துகிறார்கள். இரண்டாம் சாரார் கதவைத் திறந்துவைத்துவிட்டு, உள்ளே செல்லாமலேயே திரும்பிவிடுகிறார்கள். இரு சாராரும் ஒன்றில் ஒத்துப்போகிறார்கள்: எவரும் சிற்பத்தைப் பார்ப்பதில்லை. இப்பதிவு இரு சாராருக்கும் எதிரானது. இரண்டாம் சாராருள் பலர் என் நண்பர்கள். நியாயமான உரிமைகளுக்காகப் போராடுபவர்கள். ஆகவே அவர்களோடு சற்றுக் கூடுதலாகவே சண்டையிட வேண்டியிருக்கிறது.

1. இறக்குமதி என்னும் குற்றச்சாட்டு

உடலைக் கண்டு பாலை உறுதிசெய்ய முடியுமா என்னும் ஐயம் பாரிசிலோ பெர்க்லியிலோ பிறந்ததன்று. கி.மு. 2ஆம் நூற்றாண்டினராகக் கருதப்படும் பதஞ்சலி, பாணினியின் பெண்பால் விகுதிகள் பற்றிய நூற்பாவுக்கு மகாபாஷ்யத்தில் உரை காணும்போது இவ்வினாவை நேராகவே எதிர்கொள்கிறார். கொங்கையும் கூந்தலும் உடையவள் பெண், உடல்மயிர் உடையவன் ஆண், இரண்டிலும் அடங்காதது நபும்சகம் என்னும் பொதுவழக்கு வரையறையை முதலில் எடுத்து வைக்கிறார். உடனே தடை எழுகிறது. பெண்வேடம் புனைந்து ஆடும் ஆண் கூத்தனிடமும் கொங்கையும் கூந்தலும் காணப்படுகின்றனவே, அவனைக் குறிக்கும் சொல்லும் பெண்பால் விகுதி ஏற்குமா? கட்டிலுக்குக் கொங்கை ஏது, மரத்துக்கு மயிர் ஏது? அவ்வாறிருக்க, வடமொழியில் கட்டில் பெண்பாலாகவும் மரம் ஆண்பாலாகவும் நிற்பது எங்ஙனம்? உலகம் காட்டும் உடற்குறிகளைக் கொண்டு இலக்கணப் பாலை நிறுவ இயலாது என்னும் முடிவை நோக்கி அந்த விவாதம் செல்கிறது.

பதஞ்சலியைப் பால்புதுமைச் சிந்தனையாளர் என்று நான் கூறவில்லை. அவருடைய கவலை விகுதியைப் பற்றியது. ஆயினும் உடற்குறி ஒன்று, வேடம் ஒன்று, சொல் ஏற்கும் பால் ஒன்று என மூன்றையும் பிரித்துப் பார்க்கும் பயிற்சி இம்மண்ணில் இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இருந்தது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுமா?

தமிழிலும் இவ்விவாதம் உண்டு. ஆண்மை திரிந்தாரைக் குறிக்கும் பெயரை உயர்திணையுள் வைத்த தொல்காப்பியர், அப்பெயர் ஆண்பாலை அறிவிக்கும் சொல்லோடு முடிவதற்கு இடமில்லை என்கிறார். 13ஆம் நூற்றாண்டில் நன்னூல் இயற்றிய பவணந்தியார் இன்னும் நுணுக்கமாகச் செல்கிறார். பெண்மையை விட்டு ஆண்மையை அவாவும் பேடு ஆண்பால். ஆண்மையை விட்டுப் பெண்மையை அவாவும் பேடு பெண்பால். அவர் கொண்ட அளவுகோலைக் கவனியுங்கள். பிறந்த உடல் அங்கே பாலைத் தீர்மானிக்கவில்லை, அவாவே தீர்மானிக்கிறது. இதைப் பாராட்டிக் கைதட்டிவிட்டு எழுந்து செல்வோர் அதே நூற்பாவின் இறுதியையும் படிக்க வேண்டும். இவ்விருவகையினரையும் அஃறிணை போலக் கொள்வதற்கும் அந்நூற்பா இடமளிக்கிறது. ஒரே நூற்பா ஒருவரின் அவாவை மதிக்கிறது. அடுத்த மூச்சிலேயே அவரை மனிதர் வரிசையிலிருந்து இறக்கிவைக்கவும் வழி செய்கிறது. மரபு என்பது இந்த இரண்டும் சேர்ந்தது.

இனி, 'அயலார் கண்ணாடி' என்பதையும் சற்றுத் துடைத்துப் பார்ப்போம். கலைவரலாறு என்னும் துறையே ஓர் ஆண் பிற ஆண்களின் உடல்மீது கொண்ட வேட்கையோடு பின்னிப் பிறந்தது. யோகான் வின்கெல்மான் 1764ஆம் ஆண்டு வெளியிட்ட பண்டைக்காலக் கலை வரலாறு இத்துறையின் அடித்தள நூல்களுள் ஒன்று. அப்போலோ பெல்வெடேர் சிலையைப் பற்றி அவர் எழுதிய பகுதிகள் காதல் கடிதத்தின் வெப்பம் உடையவை. ஆண் அழகின்மீது அவருக்கிருந்த ஈர்ப்பு மறைபொருள் அன்று. அந்த ஈர்ப்பில் வார்க்கப்பட்ட கிரேக்க ஆணுடலே பின்னர் 'நடுநிலையான' செவ்வியல் அளவுகோலாகப் பெயர் மாறி, கப்பலேறி இந்தியாவுக்கு வந்தது. காந்தாரச் சிற்பம் கிரேக்கச் சாயல் உடையதால் உயர்ந்தது, ஏனையவை சிதைவு என்று காலனியக் கால அறிஞர் பலர் எழுதியது இந்த அளவுகோலைக் கொண்டுதான். பார்த்தா மித்தர் 1977ஆம் ஆண்டு எழுதிய நூல், நம் சிற்பங்கள் ஐரோப்பியக் கண்களில் அரக்க உருவங்களாகத் தோன்றிய வரலாற்றை விரிவாகக் கூறுகிறது.

ஆக, வேட்கையே கலவாத தூய வடிவ ஆய்வு என்று எதைக் கருதிப் பால்புதுமை வாசிப்பை எதிர்க்கிறீர்களோ, அந்த ஆய்வின் மூலப்பத்திரத்திலேயே வேட்கையின் கையொப்பம் இருக்கிறது. இறக்குமதியை எதிர்ப்பது கொள்கை என்றால், முதலில் திருப்பி அனுப்ப வேண்டிய சரக்கு அதுதான்.

2. பெருமிதம் என்னும் சோம்பல்

இப்போது நண்பர்கள் பக்கம்.

எலிஃபண்டாத் தீவின் பெரிய குகையில், கி.பி. 6ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, ஏறத்தாழ 5 மீட்டர் உயரமுள்ள அர்த்தநாரி நிற்கிறது. வலப்பாதி ஆண், நந்தியின்மேல் கை ஊன்றியது; இடப்பாதி பெண், கையில் கண்ணாடி. இப்படத்தைப் போட்டு, 'பால் இருமையைக் கடந்த பண்டைய இந்தியா' என்று ஒரு வரி எழுதிப் பகிர்வது இன்று ஆண்டுதோறும் ஜூன் மாதச் சடங்காகிவிட்டது. நான் கேட்பது ஒன்றுதான்: இவ்வுரு இருமையைக் கடக்கிறதா, இருமையைக் கல்லில் செதுக்கி உறுதிசெய்கிறதா?

பெயரிலிருந்தே தொடங்கலாம், என் துறைக்கு அதுவே அருகில் இருப்பது. 'அர்த்தநாரீசுவரன்' என்னும் தொகையில் தலைமைச் சொல் 'ஈசுவரன்'. 'பாதிப் பெண்' என்பது அவனுக்கு அடை. பெண்ணைப் பாதியாகக் கொண்ட தலைவன் என்பதே பொருள். ஆணைப் பாதியாகக் கொண்ட தலைவி என்று எவரும் அதே உருவுக்குப் பெயரிடவில்லை. தமிழில் மாதொருபாகன், உமையொருபாகன், அம்மையப்பன் என எத்தனை பெயர் வந்தாலும் விகுதி 'அன்' என்றே முடிகிறது. பெண் பாகம் ஆகிறாள். பாகத்தை உடையவன் ஆண்.

பெயர் கூறுவதைச் சில படிமங்கள் கையெண்ணிக்கையிலும் கூறுகின்றன. சென்னை எழும்பூர் அரசு அருங்காட்சியகத்திலுள்ள, 11ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த திருவெண்காட்டு அர்த்தநாரிச் செப்புத்திருமேனிக்குக் கைகள் மூன்று. ஆண்பாதிக்கு இரண்டு, பெண்பாதிக்கு ஒன்று. அப்படிமத்தின் அழகில் எவருக்கும் ஐயமில்லை. ஆனால் சரிபாதி என்று நாம் வாய்ப்பாடாகச் சொல்லும் உருவில் கணக்கு சரிபாதியாக இல்லை. அர்த்தநாரியைப் பற்றி எலன் கோல்ட்பர்க் 2002ஆம் ஆண்டு வெளியிட்ட நூல் இந்த ஏற்றத்தாழ்வையே கேள்விக்குள்ளாக்குகிறது. கூடவே மற்றொன்றையும் நினைவிற்கொள்க: பெரும்பாலான பக்தர்களுக்கு அர்த்தநாரி என்பது பிரியாத கணவன் மனைவியின் உருவம். எதிர்பாலினத் திருமணத்தின் மிக உயர்ந்த உருவகத்தை எவ்வித விளக்கமுமின்றிப் பால்புதுமைக் கொடியாக ஏற்றுவது ஆய்வாகாது.

இரண்டாவது எடுத்துக்காட்டு இன்னும் நுட்பமானது. குப்தர் காலத்துச் சாரநாத் புத்தரின் உடலைக் கண்டு, 'தசை முறுக்கு இல்லை, தோள்கள் வழுவழுப்பாக உள்ளன, இது ஆணும் பெண்ணும் கலந்த உடல்' என்று எழுதும் கட்டுரைகளை வாசித்திருக்கிறேன். தசை முறுக்கு இருந்தால்தான் ஆண் என்று யார் சொன்னது? அது கிரேக்க உடற்பயிற்சிக் களத்தின் இலக்கணம். 19ஆம் நூற்றாண்டு ஐரோப்பா அதைப் புதுப்பித்துக்கொண்டது. மகாபுருஷனுக்குரிய 32 இலக்கணங்களில் மென்மையான, அழுக்கு ஒட்டாத தோலும், சிங்கத்தை ஒத்த மேலுடலும், உறைக்குள் மறைந்த ஆண்குறியும் அடங்கும். அக்காலத்தில் அம்மென்மையே நிறைந்த ஆண்மையின் அடையாளம். இந்திய பௌத்த நூல்கள் புத்தரை ஆண்மையின் உச்சமாகவே சித்திரிக்கின்றன என்பதை ஜான் பவர்ஸ் 2009ஆம் ஆண்டு வெளிவந்த நூலில் விரிவாக நிறுவியுள்ளார். 1910ஆம் ஆண்டு இலண்டனில் ஜார்ஜ் பேர்ட்வுட் ஒரு புத்தர் உருவத்தை வேகவைத்த கொழுப்புக் களியோடு ஒப்பிட்டு இகழ்ந்தார். அவர் கண்ணுக்குத் தசை தென்படவில்லை, ஆகவே இழிவு என்றார். நம் கட்டுரையாளர் கண்ணுக்கும் தசை தென்படவில்லை, ஆகவே புரட்சி என்கிறார். மதிப்பீடு மாறியிருக்கிறது, அளவுகோல் பேர்ட்வுட் கையில் இருந்த அதே அளவுகோல்.

மூன்றாவது, கஜுராஹோ. 10, 11ஆம் நூற்றாண்டுகளில் சந்தேலர் எழுப்பிய கோயில்கள் இவை. 19ஆம் நூற்றாண்டில் இவற்றைப் பார்வையிட்ட அலெக்சாண்டர் கன்னிங்காம் அருவருக்கத்தக்க ஆபாசம் என்று எழுதினார். இன்று அதே உருவங்கள் அஞ்சலட்டைகளில் வெட்டி ஒட்டப்பட்டு விடுதலையின் விளம்பரங்களாகச் சுற்றுகின்றன. இரு பார்வைகளிலும் உருவம் சுவரிலிருந்து பெயர்க்கப்படுகிறது. தேவாங்கனா தேசாய் வாழ்நாளெல்லாம் செய்த பணி இதற்கு நேர்மாறானது. லட்சுமணர் கோயில், கந்தாரிய மகாதேவர் கோயில் முதலியவற்றில் புணர்ச்சி உருவங்களுள் முக்கியமானவை மண்டபமும் கருவறையும் இணையும் சந்திச் சுவரில் அமைந்திருப்பதை அவர் சுட்டிக்காட்டினார். இரு கட்டடப் பகுதிகள் புணரும் இடத்தில் இரு உடல்கள் புணர்கின்றன. இதனைக் கல்லில் அமைந்த சிலேடை என்று அவர் விளக்குகிறார். 'புணர்ச்சி' என்னும் ஒரே சொல்லை உடலுக்கும் எழுத்துக்கும் வழங்கும் மொழியில் எழுதுகிற நமக்கு இது உடனே விளங்க வேண்டும். சிலேடையைப் பாதி வாசித்தவர் அதை வாசித்தவர் ஆகார்.

3. அப்படியானால் வாசிக்கவே கூடாதா?

வாசிக்க வேண்டும், ஆனால் வாசிக்க வேண்டும்.

பால்புதுமை வாசிப்பு என்பது சிற்பத்துக்குள் நம் காலத்து அடையாளங்களைத் தேடி எடுத்து, 'அன்றே இருந்தது பார்' என்று காட்டும் புதையல் வேட்டை அன்று. ஓர் உருவம் ஆண், பெண், இயல்பு, திரிபு ஆகிய வரையறைகளை எவ்வாறு கட்டுகிறது, எந்த இடத்தில் அக்கட்டு நெகிழ்கிறது என்று பார்ப்பதே அதன் வேலை. அவ்வாறு பார்த்தால், எளிய பெருமிதம் தரக்கூடியதைவிட அதிகமாகவே அர்த்தநாரி தருகிறது.

மீண்டும் எலிஃபண்டாவுக்கு வாருங்கள். ஆணையும் பெண்ணையும் பிரிக்கும் கோடு எங்கே ஓடுகிறது? மார்பில் தெளிவாகத் தெரிகிறது; தலைக்கோலத்தில் தெரிகிறது. இடைக்கு வரும்போது? உடல் வளைந்து நிற்கிறது. அந்த வளைவைப் பாதியாக வெட்ட முடியாது. ஒரு பாதி சாய மறுபாதி நீள்கிறது, இரண்டும் ஒரே அசைவு. பெயர் இருமையை வலியுறுத்துகிறது. நிற்கும் உடல் அதை முற்றாக ஏற்க மறுக்கிறது. சிற்பி இதை எண்ணிச் செய்தாரா என்பது என் வினா அன்று. இரண்டு இலக்கணங்களை ஓர் உடலில் நிறுத்தும்போது நேர்வது இது. பால்புதுமை வாசிப்பு கைவைக்க வேண்டிய இடம் அந்த இடைதான்.

பாதாமி முதற்குகையிலும் 6ஆம் நூற்றாண்டு அர்த்தநாரி உண்டு. அருகில் எலும்பும் தோலுமாகப் பிருங்கி முனிவர் நிற்கிறார். கதை பலரும் அறிந்தது. சிவனை மட்டும் வணங்குவேன், தேவியை வணங்கேன் என்று பிடிவாதமாக நின்றவர், இருவரும் ஓருடலான பின்னரும் வண்டாகித் துளைத்து ஆண்பாதியை மட்டும் வலம் வர முயன்றார். தாயிடமிருந்து வந்த தசையையும் குருதியையும் இழந்து எலும்பானார். இக்கதை அம்மை வழிபாட்டை நிலைநாட்ட எழுந்தது என்பது தெளிவு. அதனூடே மற்றொரு செய்தியும் இருக்கிறது: ஓருடலில் இருந்து ஆணை மட்டும் தனியே பிரித்தெடுக்க முனைந்தவனுக்கு என்ன நேர்ந்தது என்பதைக் கல்லிலேயே அருகில் நிறுத்திக் காட்டியிருக்கிறார்கள். கோட்டைத் தேடி உடலைத் துளைப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவர்களுக்கு முனிவர் கோலம் இல்லை. அலுவலக நாற்காலி இருக்கிறது. அதற்குத்தான் இனி வருகிறேன்.

4. கல் கொடுத்த உரிமையா?

2014 ஏப்ரல் 15 அன்று உச்சநீதிமன்றம் நால்சா வழக்கில் அளித்த தீர்ப்பு, தன் பாலினத்தைத் தானே அறிவிக்கும் உரிமையை ஒருவருக்கு உறுதிசெய்தது. அத்தீர்ப்பு அரவான் கதையையும் இராமாயணத் தொடர்பான கதையையும் எடுத்துக்கூறியது. அரசமைப்புச் சட்டத்தின் 14, 15, 19, 21ஆம் பிரிவுகள் போதுமானவையாக இருக்கையில் புராணம் எதற்கு? பொதுமக்களின் மனத்தை இணக்கப்படுத்த என்றால் புரிந்துகொள்ளலாம். ஆனால் நம் இயக்கங்களும் ஆய்வுகளும் அதையே முதன்மை வாதமாகப் பிடித்துக்கொண்டபோது ஓர் ஆபத்தை விலைக்கு வாங்கிக்கொண்டோம்.

எண்ணிப் பாருங்கள். உரிமைக்குச் சான்று பண்டைய சிற்பம் என்றால், நாளை ஒரு கல்வெட்டறிஞர் அச்சிற்பத்தின் பொருள் வேறு என்று நிறுவினால் உரிமை என்னாகும்? நன்னூலின் அவாவைச் சான்றாகக் காட்டினால், எதிர்த்தரப்பு அதே நூற்பாவின் அஃறிணையைக் காட்டாதா? கோயில் சுவரில் இடம்பெறாத உடல்களுக்கு உரிமை இல்லையா? அர்த்தநாரி தெய்வம், தெய்வம் ஆகாதவருக்கு, ஆசி வழங்கும் தொழிலில் இல்லாதவருக்கு, அலுவலகத்தில் எழுத்தராக வேலை பார்க்க விரும்பும் ஒரு திருநங்கைக்கு, இந்தச் சாட்சி என்ன செய்யும்? முன்னோர் ஏற்றார்கள் என்பதற்காகக் கிடைக்கும் உரிமையை முன்னோர் ஏற்கவில்லை என்று கூறிப் பறிக்கவும் முடியும்.

இப்பெருமிதம் எதையும் தடுத்து நிறுத்தியதும் இல்லை. 2019ஆம் ஆண்டு இயற்றப்பட்ட திருநர் உரிமைப் பாதுகாப்புச் சட்டம், ஆண் என்றோ பெண் என்றோ சான்றிதழ் வேண்டுவோர் அறுவைச் சிகிச்சைக்கான மருத்துவச் சான்றுடன் மாவட்ட ஆட்சியர் முன் விண்ணப்பிக்கப் பணித்தது. கொங்கையையும் மயிரையும் கொண்டு பாலை அறியும் வரையறையைப் பதஞ்சலி கேள்விக்குட்படுத்தி இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பின், அதே வரையறை அரசு முத்திரையோடு திரும்பி வந்தது. 'தொன்மையான இந்தியாவின் ஏற்பு' பற்றிச் சொற்பொழிவாற்றியோர் பலர் அன்று எங்கே இருந்தார்கள்?

மொழியில் இந்த இரட்டை நிலையை நாள்தோறும் காணலாம். தமிழில் படர்க்கை வினைமுற்று பொதுவாகப் பாலைச் சொல்லாமல் முடிவதில்லை: நின்றான், நின்றாள், நின்றது. இதிலிருந்து தப்ப ஒரு வழி, மதிப்புப் பன்மை: நின்றார். 'அவர்' என்றதும் பால் கரைந்துவிடுகிறது. கோயில் வழிகாட்டி நூல்களில் அர்த்தநாரீசுவரர் 'காட்சி தருகிறார்'. எந்த வாசகரும் ஆணா பெண்ணா என்று நிறுத்திக் கேட்பதில்லை. அதே தமிழில், தொடர்வண்டியில் ஏறும் திருநங்கையைப் பற்றிப் பேசும் பயணிகள் 'அது வருது' என்பதைக் கேளாதவர் நம்மில் எவர்? பால் கேட்கப்படாமல் இருக்கும் உரிமையை நம் மொழி மதிப்புக்கு விலையாக வைத்திருக்கிறது. கல்லுக்கு அந்த மதிப்பு உண்டு. அருகில் அமர்ந்திருப்பவருக்கு இல்லை. ஆய்வுக்குரிய பொருள் இதுதான், நண்பர்களே.

5. சில வேண்டுகோள்கள்

ஆய்வு மாணவர்களுக்கு: உருவத்தை வெட்டி எடுக்காதீர்கள். எந்தச் சுவர், எந்தத் திசை, அருகில் எவர், எந்தக் காலத்து உடலிலக்கணம் என்பவற்றைக் கூறாமல் பால்புதுமை என்ற சொல்லைப் பயன்படுத்தாதீர்கள். ரூத் வனிதாவும் சலீம் கித்வாயும் 2000ஆம் ஆண்டு தொகுத்து வெளியிட்ட இந்தியத் தன்பால் காதல் குறித்த நூல் இத்துறைக்கு வழி திறந்தது, பல மொழிகளின் மூலநூல்களை மொழிபெயர்த்து முன்வைத்ததால்தான். படங்களை மட்டும் பகிர்ந்து அந்த இடத்தை எட்ட முடியாது.

நெறியாளர்களுக்கும் தேர்வுக் குழுக்களுக்கும்: முன்மொழிவில் 'குயர்' என்ற சொல்லை நீக்கிவிட்டுப் 'பாலினம்' என்று மாற்றி எழுதச் சொல்லும் வழக்கத்தை நிறுத்துங்கள். கருத்தில் குறை இருந்தால் கருத்தை மறுங்கள். சொல்லை மட்டும் ஒளித்துவைப்பது மாணவருக்கு அச்சத்தைத்தான் கற்பிக்கிறது.

அருங்காட்சியகங்களுக்கு: விளக்கப் பலகைகளில் 'ஆண்மையும் பெண்மையும் இணைந்த தத்துவம்' என்னும் ஒற்றை வரியோடு நிறுத்தாதீர்கள். கைகள் மூன்று என்று எழுதுங்கள். எந்தப் பாதிக்கு எத்தனை என்று எழுதுங்கள். பார்ப்பவர் மீதியைத் தாமே கேட்டுக்கொள்வார்.

இயக்க நண்பர்களுக்கு: அர்த்தநாரியை நேசியுங்கள், தடையில்லை. சாட்சிக் கூண்டில் மட்டும் ஏற்றாதீர்கள். நமக்குரியதைக் கேட்க நமக்கு முன்னோர் கையொப்பம் தேவையில்லை.

மாற்றுக் கருத்துடையோர் எழுதுக. எந்தச் சிற்பத்தை முன்வைத்து மறுக்கிறீர்கள் என்பதை முதல் வரியிலேயே குறிப்பிட்டால் விவாதம் விரைவில் உருப்படும்.